மே மாதத்து அடக்கம்

ஆயர் யூவன் மக்ஃபெயிலைப் பற்றிப் பெரியவர்கள் எழுதினால் பெரிய விதமாக எழுதுவார்கள். ஸ்கொட்லாந்தில் பிறந்தார், குருவானார், ஆயரானார், நாலு சரித்திரப் புத்தகம் எழுதினார் என்று. எல்லாம் உண்மைதான். ஆனால் அந்த மனிதர் ஓட்ஸ் கஞ்சிக்கு உப்புப் போட்டுக் குடித்தார் என்பதோ, முழங்கை இரண்டும் தேய்ந்த ஒரே பச்சைக் கம்பளிச் சட்டையோடு காலம் தள்ளினார் என்பதோ, வாரத்தில் இரண்டு நாள் என்னோடு சண்டை பிடித்தார் என்பதோ அவர்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். எட்டு வருஷம் அவருக்குத் தட்டெழுதிக் கொடுத்தவன் நான்.

என் பெயர் மரியதாசன். மட்டக்களப்புக் கச்சேரியில், அதாவது அரசாங்க அதிபரின் கந்தோரில், ஆங்கிலத் தட்டெழுத்தாளனாக இருந்தேன். 1988இல் நானும் மனைவி றோசலினும் மொன்றியலுக்கு வந்தோம். இங்கே பிளாஸ்டிக் வாளி செய்கிற இடத்தில் பதினொரு வருஷம், பிறகு கர்க்லாண்டில் ஒரு பள்ளிக்கூடத்தில் பின்னேரத் துப்புரவு வேலை. கச்சேரியில் நிமிஷத்துக்கு அறுபது சொல் அடித்த விரல்கள் துடைப்பத்தைப் பிடித்துக்கொண்டு திரிந்தன. 2016இல் ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கள் பங்குச் சுவாமி, ஓய்வுபெற்ற ஆயர் ஒருவர் புத்தகம் எழுதுகிறார், பிழையில்லாமல் தட்டெழுத ஆள் தேவை என்று பூசை முடிவில் அறிவித்தார். நான் கையைத் தூக்கினேன். கோயில் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. வாளி மரியதாசனுக்கு என்ன வந்தது என்று நினைத்திருப்பார்கள்.

ஆயர் சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில், கால்வாய்க்குப் பக்கத்தில், முதிய குருக்கள் இருக்கிற வீட்டில் மூன்றாம் மாடியில் இருந்தார். அறையில் கட்டில் ஒன்று, மேசை ஒன்று, மிச்சம் எல்லாம் சப்பாத்துப் பெட்டிகள். நாற்பத்து மூன்று பெட்டிகள், உள்ளே தபாலட்டை அளவில் குறிப்பட்டைகள். மொன்றியலின் மேற்குப் பக்கத்துப் பங்குகளின், அதாவது கோயில் வட்டாரங்களின், சரித்திரத்தை அவர் அந்தப் பெட்டிகளுக்குள் வைத்திருந்தார். முதல் நாள் நான் "மை லோர்ட்" என்று கும்பிட்டேன். லோர்ட் என்று கூப்பிட்டால் தட்டெழுத்து இயந்திரத்தைத் தூக்கிக் கால்வாய்க்குள் போடுவேன் என்றார். என் நாக்கு வேறு வழிக்கு வர மாட்டேன் என்றது. கடைசியில் தமிழில் "ஆண்டகை" என்று கூப்பிட ஆரம்பித்தேன். அதுவும் கிட்டத்தட்ட லோர்ட்தான் என்று நான் அவருக்குச் சொல்லவில்லை.

அவர் என்னைக் கூப்பிட்டது "மிஸ்டர் ஞானப்பிரகாசம்" என்று. அது என் அப்பாவின் பெயர். எங்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. என் பெயருக்குப் பின்னால் அப்பாவின் பெயர், என் பிள்ளைகளின் பெயருக்குப் பின்னால் என் பெயர். இந்த நாட்டுக் கடதாசிகள் கடைசியில் நிற்பதைத்தான் பிடித்துக்கொள்ளும். அதனால் கோயில் பெயர் இடாப்பில், வேலையிடத்தில், ஆயரிடத்தில், எங்கும் நான் ஞானப்பிரகாசம். நான் திருத்தப் போகவில்லை. மட்டக்களப்பில் செத்துப்போன மனிசனுக்கும் ஒரு ஆயரோடு பழக்கம் கிடைக்கட்டுமே என்று விட்டுவிட்டேன்.

வேலை செய்கிற விதத்தில் அவரைப் போல ஒரு வில்லங்கமான ஆளை நான் பார்த்ததில்லை. தன் கண்ணால் கண்டதையும் கடதாசியில் கண்டதையும் மையால் எழுதுவார். யாரும் சொல்லக் கேட்டதைப் பென்சிலால் எழுதுவார். பென்சிலில் இருப்பதை நான் தட்டெழுதக் கூடாது. இரண்டாவது சாட்சி ஒன்று வந்தால்தான் பென்சிலுக்கு மேல் மை ஏறும். ஒரு பாதிரியார் குதிரையிலிருந்து விழுந்து செத்தார் என்பதற்கு இரண்டாம் சாட்சி கிடைக்காமல் அந்த மனிசனை ஆறு வருஷம் சாகவிடாமல் வைத்திருந்தார். நான் தட்டிக் கொடுத்ததை மரக்கோல் ஒன்றை வரிக்குக் கீழே வைத்து, தன் கையெழுத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பார். காற்புள்ளி தவறினாலும் கோல் நிற்கும்.

நடுவில் கஞ்சியோ தேத்தண்ணீரோ குடிக்கிற நேரத்தில் தன் கதை கொஞ்சம் சொல்லுவார். பதினாறு வீடு மட்டும் இருந்த ஒரு தீவில் 1936இல் பிறந்திருக்கிறார். தகப்பன் மீன்பிடிகாரர். வீட்டில் பேசினது ஆங்கிலம் இல்லை, அவர்களுடைய பழைய பாஷை. அந்தத் தீவில் ஒருவர் செத்தால் வாகனம் கிடையாது. தீவில் நடக்கக்கூடிய அத்தனை ஆண்களும் முறைவைத்துப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு மூன்று மைல் நடப்பார்கள். பிச்சைக்காரன் செத்தாலும், கடலில் ஒதுங்கின பேர் தெரியாத மாலுமி செத்தாலும் அதே நடைதான். ஆள் கூட நடக்காமல் ஒருவரையும் மண்ணுக்கு அனுப்புவதில்லை என்றார். எங்கள் ஊரிலும் அப்படித்தான், ஆனால் நாங்கள் வழியில் சத்தமும் போடுவோம் என்றேன். அவர்கள் பாடுவார்களாம்.

1971இல் பழைய கடிதங்கள் தேட மொன்றியலுக்கு வந்தவர் இங்கேயே இருபத்தைந்து வருஷம் பங்குக் குருவாக இருந்துவிட்டார். 1996இல் ஊருக்குக் கூப்பிட்டு ஆயராக்கினார்கள். ஆட்கள் குறைந்துபோன மறைமாவட்டம். பதினைந்து வருஷத்தில் பதினொரு கோயிலை அவர் கையாலேயே பூட்ட வேண்டிவந்தது. ஒவ்வொன்றையும் பூட்ட முதல் அதன் சரித்திரத்தை எழுதினாராம். நல்ல ஆயர் என்றால் கோயிலைத் திறப்பான், நான் பூட்டிவிட்டுப் புத்தகம் எழுதினவன் என்றார். ஓய்வு கிடைத்ததும் தன் பெட்டிகளைத் தேடி மொன்றியலுக்கே திரும்பி வந்தார். ஊரில் அவருக்கு மிஞ்சியிருந்த ஒரே தங்கையும் அதற்குப் பிறகு போய்விட்டா.

இனி விசயத்துக்கு வருகிறேன். 2023 ஒக்டோபர், ஒரு செவ்வாய்க்கிழமை. பதினேழாம் அதிகாரம் கையில் தந்தார். குளிர்கால அடக்கங்களைப் பற்றிய அதிகாரம் அது. பனிக்காலத்தில் நிலம் கல்லாக உறைந்துவிடும், பழைய சேமக்காலைகளில் குழி வெட்ட முடியாது, ஆகவே பெட்டிகளை மூலையில் உள்ள கல் வீட்டுக்குள் வைத்துப் பூட்டிவிட்டு மே மாதம் எடுத்து அடக்குவார்கள் என்று எழுதியிருந்தார். நான் பாட்டுக்குத் தட்டிக்கொண்டு போனேன். கச்சேரித் தட்டெழுத்தாளன் சொல்லைப் பார்ப்பான், பொருளைப் பார்க்க மாட்டான். பிறகு இந்த வரி வந்தது.

"1990 மே 9. நான் இந்தப் பங்குக்கு வந்த முதல் மாதம். ஏழு பெட்டிகள் அடக்கம் செய்யப்பட்டன. ஏழாவது அமலினி மரியதாசன், வயது பத்து வாரம். யாரும் வரவில்லை."

அமலினி எங்கள் மூத்த பிள்ளை.

எங்களுக்கு அவள் 1989 நவம்பரில் பிறந்தாள். ரொக்ஸ்பரோவில் ஒரு வீட்டின் பேஸ்மென்டில் இருந்தோம். ஜனவரி பிறந்ததும் மூச்சு முட்டலோடு மூன்று நாள் ஆஸ்பத்திரியில் கிடந்து, பதினோராம் திகதி போய்விட்டாள். றோசலினுக்கு நெருப்பாய்க் காய்ச்சல். எனக்குத் தட்டத் தெரிந்த ஆங்கிலம் வாயால் வராது, பிரெஞ்சு ஒரு சொல்லும் தெரியாது. மேல்வீட்டில் இருந்த யாழ்ப்பாணத்து அண்ணை ஒருவர்தான் எங்களுக்காகப் பேசினார். அவர் வந்தும் ஆறு மாதம்தான். கோயிலில் பூசை நடந்தது. பிறகு கறுப்புக் கோட்டுப் போட்ட ஒருவர் அந்தச் சின்னப் பெட்டியைக் காரில் ஏற்றினார். நாங்களும் ஏறப் போனோம். அவர் ஏதோ சொன்னார். அண்ணை கேட்டுவிட்டு, "மிச்சத்தை அவங்கள் பாப்பாங்களாம். குளிருக்குள்ள நிக்காமல் வீட்டை போங்கோ" என்றார்.

நாங்கள் போனோம். எங்கள் ஊரில் இன்றைக்குச் செத்தால் நாளைக்கு அடக்கம். நாலு மாதம் வைத்திருப்பார்கள் என்று யாருக்குத் தோன்றும்? அன்றைக்கே மண்ணுக்குப் போய்விட்டாள் என்று நினைத்தோம். பெப்ரவரியில் அந்த பேஸ்மென்டை விட்டுக் கோட்-டெ-நேஜ் பக்கம் குடிபோனோம். ஜூலையில் சேமக்காலைக் கந்தோருக்குப் போய் இடத்தைக் கேட்டோம். இலக்கம் எழுதின துண்டு தந்தார்கள். அந்த இடத்தில் மட்டும் புல் வரவில்லை. இந்த ஊரில் புல்லும் மெதுவாகத்தான் முளைக்கும் என்று றோசலினுக்குச் சொன்னேன். வாளிக் கம்பனிச் சம்பளத்தில் எழுத்து வெட்டின கல் வைக்க முடியவில்லை. இலக்கக் கல்லுக்குப் பக்கத்தில் பிளாஸ்டிக் பூ வைத்தோம். ஒவ்வொரு ஜனவரியும் போவோம். றோசலின் களைத்தால் மூலையில் உள்ள கல் வீட்டுப் படியில் குந்துவாள். முப்பத்து மூன்று வருஷம் குந்தியிருக்கிறாள்.

இவ்வளவு காலம் இருந்தும் தெரியாதா என்று கேட்பீர்கள். எங்கள் ஆட்களில் கனபேரை எரிக்கிறார்கள். பெரிய சேமக்காலைகளில் இப்போது இயந்திரம் வைத்துப் பனிக்குள்ளும் தோண்டுகிறார்கள். கண்ணால் கண்டதெல்லாம் உடனடி அடக்கம்தான். தெரியவில்லை, அவ்வளவுதான்.

அந்த வரியை நான் தட்டவில்லை. அடுத்த வரிக்குப் போனேன். அதிகாரத்தை முடித்து மேசையில் வைத்துவிட்டு, வணக்கம் சொல்லிவிட்டு வந்துவிட்டேன். வீட்டில் றோசலின் என்ன சுகமில்லையா என்று கேட்டாள். பஸ் லேட் என்றேன். கேட்டதற்குப் பொருந்தாத பதில். அவள் மேலே கேட்கவில்லை.

வெள்ளிக்கிழமை போனபோது மரக்கோல் அந்த இடத்தில் நின்றது. ஏழு வருஷத்தில் நீங்கள் ஒரு வரியும் விட்டதில்லை, மிஸ்டர் ஞானப்பிரகாசம், என்றார். கோபமாகச் சொல்லவில்லை. நான் எழுந்து நின்றேன். என் பெயர் மரியதாசன், ஞானப்பிரகாசம் என் அப்பா, அமலினி என் மகள் என்று சொன்னேன். நாங்கள் வராமல் விடவில்லை, எங்களுக்குத் தெரியாது, ஒருவரும் சொல்லவில்லை, இதைப் புத்தகத்தில் போட்டால் பெற்ற பிள்ளையை எறிந்துவிட்டுப் போனவர்கள் என்று அச்சில் நிற்கும், என் மனைவி அதைத் தாங்க மாட்டாள் என்று வாய்க்கு வந்த ஆங்கிலத்தில் கொட்டினேன். தட்டத் தெரிந்த ஆங்கிலம் முழுக்க அன்றைக்கு வாயால் வந்தது.

ஆயர் கோலை எடுத்துப் பக்கத்தில் வைத்தார். பிறகு அவர் சொன்னதைக் கேட்டபோது எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

"உங்களை முழுக்க நம்புகிறேன். ஆனால் நம்புவது வேறு, எழுதுவது வேறு. பெற்றோருக்குத் தெரியாது என்று நான் மையால் எழுத வேண்டுமென்றால் இரண்டாவது சாட்சி வேண்டும்."

என் பிள்ளைக்கு நான் அப்பன் என்பதற்கும் சாட்சி கேட்பீரோ, அந்தக் குதிரைப் பாதிரியும் நானும் ஒன்றோ என்று கேட்டுவிட்டுக் கோட்டையும் எடுக்காமல் கீழே இறங்கினேன். கால்வாயோரம் நின்றேன். காற்று சுள்ளென்று அடித்தது. கொஞ்ச நேரத்தில் அந்த எண்பத்தேழு வயது மனிசன் மூன்று மாடியும் கைத்தடியோடு இறங்கி, என் கோட்டைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தார். கோட்டைத் தந்தார். பக்கத்தில் நின்றார். பிறகு, உங்கள் மனைவி உயிரோடு இருக்கிறாவா என்று கேட்டார்.

அவர் ஏன் அப்படிக் கேட்கிறார் என்று எனக்கு விளங்கியது. இரண்டாவது சாட்சி றோசலின்தான். வரி மாற வேண்டுமென்றால் அவளுக்குச் சொல்ல வேண்டும். சொன்னால், அன்றைக்கே மண்ணுக்குள் போய் நித்திரையாகிவிட்டாள் என்று இத்தனை காலம் நினைத்திருந்த பிள்ளை, நாலு மாதம் பூட்டின வீட்டுக்குள் கிடந்தாள் என்று அவள் அறிய வேண்டும். சொல்லாவிட்டால் புத்தகம் சொல்லும். எங்கள் பங்கில் ஆங்கிலம் வாசிக்கத் தெரிந்த யாராவது ஒருத்தி பேரைப் பார்த்துவிட்டுக் கட்டாயம் அவளிடம் கேட்பாள்.

மூன்று கிழமை நான் வாயைத் திறக்கவில்லை. ஆயர் அவசரப்படுத்தவில்லை. பதினேழாம் அதிகாரத்தைத் தள்ளி வைத்துவிட்டுப் பதினெட்டைத் தந்தார். ஒரு சனிக்கிழமை மத்தியானம் றோசலின் குசினியில் பூசணிக்காய் வெட்டிக்கொண்டிருந்தாள். நான் முன்னால் இருந்து சொன்னேன். ஒன்றையும் குறைக்காமல் சொன்னேன், வரியையும் தமிழில் சொன்னேன். அவள் வெட்டுவதை நிறுத்தவில்லை. முழுப் பூசணியையும் வெட்டி முடித்தாள், இரண்டு பேருக்கு அவ்வளவு தேவையில்லை. பிறகு கையைக் கழுவிவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். ஞாயிறு பூசைக்கு வரவில்லை. மகன் கிருஷாந்தன் போன் எடுத்தான். அம்மாவுக்குத் தடிமன் என்று சமாளித்தேன். திங்கட்கிழமை காலையில் சீலை உடுத்திக்கொண்டு வந்து நின்றாள்.

"இஞ்சாருங்க. அந்த ஆண்டகையிட்ட என்னயக் கூட்டிப் போங்க."

அன்றைக்கு நான் ஆயரிடம் வேலைக்குப் போகிற நாள் இல்லை. ஆனாலும் போனோம். ஒரே ஒரு நாற்காலிதான் இருந்தது, அவளை அதில் இருத்திவிட்டு அவர் கட்டில் விளிம்பில் இருந்தார். நான் நடுவில் நின்று மொழிபெயர்த்தேன். முதலில் அவர் தன் வேலையைத்தான் செய்தார். ஜனவரி பூசைக்குப் பிறகு என்ன நடந்தது என்று கேட்டார். அவள் சொன்னாள்: கறுப்புக் கோட்டு, கார், மேல்வீட்டு அண்ணை, வீட்டுக்குப் போகச் சொன்னது, ஜூலையில் புல் இல்லாத இடம். நான் சொல்லாத ஒன்றையும் சொன்னாள்: பெட்டிக்குள் பிள்ளையின் காலுக்குத் தன் காலுறையைச் சுற்றி விட்டாளாம், குளிரும் என்று. எனக்கு அது அன்றைக்குத்தான் தெரியும்.

ஆயர் பத்தொன்பதாம் பெட்டியை இறக்கினார். அதற்குள் ஒரு கடித உறை, திறக்காதது. எங்கள் ரொக்ஸ்பரோ விலாசம் எழுதி, இந்த ஆள் இங்கே இல்லை என்று முத்திரை குத்தித் திரும்பி வந்தது. அடக்கத் திகதியை அறிவிக்கப் பங்குக் கந்தோர் ஏப்ரலில் அனுப்பின கடிதம். யாரும் வராதபடியால் அதை எறியாமல் வைத்திருந்தாராம். கூடவே ஒரு குறிப்பட்டை. அதில் மையால் அந்த மே ஒன்பதின் விபரம். கீழே, வேறு ஒரு நாளில் பென்சிலால் எழுதினது: "பிளாஸ்டிக் பூ. யார் வைத்தது?"

றோசலின் அந்த உறையைத் தடவிப் பார்த்தாள். திறக்கவில்லை. பிறகு அவள் கேட்கத் தொடங்கினாள். அன்றைக்கு மழையா வெயிலா? காலையில் மழை, பிறகு வெறித்து வெயில் வந்தது. பெட்டி நனைந்ததா? இல்லை. அடக்கப் புத்தகத்தில் சாட்சியாக யார் கையெழுத்து வைத்தது? குழி வெட்டினவர்கள் இரண்டு பேர். பிள்ளையை யார் தூக்கினது?

ஆயர் கம்பளிச் சட்டையின் கையை இழுத்துவிட்டுக்கொண்டார். மற்ற ஆறு பேருக்கும் ஆட்கள் வந்திருந்தார்கள், அவர்கள் தூக்கினார்கள் என்றார். ஏழாவதைக் குழி வெட்டுகிறவர் தள்ளுவண்டியில் வைக்கப் போனார். தான் வாங்கிக்கொண்டாராம். சின்னப் பெட்டி, இரண்டு கைக்குள் அடங்கினது. நேரே போனால் நூறு அடிதான். அது ஒரு நடை இல்லை என்று தோன்றியதால் சேமக்காலையைச் சுற்றி, முழு வேலியோரமாக நடந்தாராம். தீவில் பாடுகிற பாட்டைத் தன் தாயின் பாஷையில் பாடிக்கொண்டு போனாராம். அதற்குப் பிறகு ஒவ்வொரு மே ஒன்பதும், ஸ்கொட்லாந்தில் ஆயராக இருந்த பதினைந்து வருஷமும், அவள் பேருக்குப் பூசை வைத்திருக்கிறார்.

நான் இதைத் தமிழில் சொல்லி முடித்தேன். றோசலின் அழவில்லை. அவருடைய முகத்தைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். அவளுக்குக் கோபம் வந்தால் மூக்கு நுனி சிவக்கும். சிவந்திருந்தது.

"கேளுங்க அவர. தூக்கினது அவர். பாடினது அவர். மறுகா எப்பிடி ஒருத்தரும் வரல்ல எண்டு எழுதினவர்?"

கேட்டேன். எழுதுகிறவன் தன்னை எண்ணக் கூடாது, அதுதான் சரித்திரத்தின் ஒழுங்கு என்றார்.

"எண்ணச் சொல்லுங்க" என்றாள் றோசலின். "எண்ட பிள்ளைக்கு ஒருத்தர் வந்திருக்கார்."

நான் எட்டு வருஷத்தில் ஆயிரம் தடவை அவரோடு வாதாடி ஒரு தடவையும் வென்றதில்லை. அவர் எழும்பி மேசைக்குப் போனார். பதினேழாம் அதிகாரத்தை எடுத்தார். "யாரும் வரவில்லை" என்பதைக் குறுக்கே ஒரு கோடு கிழித்து வெட்டினார். அதற்கு மேல் மையால் எழுதினார். எழுதினதை என் கையில் தந்து, அவவுக்கு வாசித்துக் காட்டுங்கள், மிஸ்டர் மரியதாசன், என்றார்.

"பெற்றோருக்கு அறிவிப்புக் கிடைக்கவில்லை. அவர்கள் அறிந்திருந்தால் வந்திருப்பார்கள். குரு அவளைத் தூக்கிச் சென்றார்."

றோசலின் தலையை ஆட்டினாள். ஆயர் குறிப்பட்டையை எடுத்து, "பிளாஸ்டிக் பூ. யார் வைத்தது?" என்ற பென்சில் எழுத்துக்கு மேல் மையால் எழுதினார். கேள்விக்குப் பக்கத்தில், "தாய், தகப்பன்" என்று போட்டார். அந்தப் பூவைக் கண்ட நாளில் இருந்து முப்பது வருஷமாக அது பென்சிலில் கிடந்ததாம்.

அதற்குப் பிறகு றோசலின் அவரைத் தன் சொத்தாக்கிக்கொண்டாள். வெள்ளிக்கிழமைகளில் என்னிடம் இடியப்பமும் சொதியும் கட்டிக் கொடுப்பாள். சொதிக்கு அவர் உப்புப் போட்டார். பச்சைக் கம்பளிச் சட்டையைக் கழற்றி வாங்கி வந்து முழங்கைக்கு நீலத் துண்டு வைத்துத் தைத்தாள், பச்சைத் துணி கிடைக்கவில்லை. 2024 மே ஒன்பதில் மூன்று பேரும் சேமக்காலைக்குப் போனோம். இலக்கக் கல் இருந்த இடத்தில் பேர் வெட்டின கல் ஒன்று வைத்திருந்தோம். அவர் பாட முயன்றார், மூச்சு வரவில்லை. பாதியில் நிறுத்திவிட்டு மன்னிப்புக் கேட்டார். பாதி போதும் என்று றோசலின் சொன்னதை நான் மொழிபெயர்த்தேன்.

புத்தகம் அந்த செப்டெம்பரில் வெளிவந்தது. பதினேழாம் அதிகாரத்தை எங்கள் பங்கில் கனபேர் வாசித்தார்கள். ஒருவரும் றோசலினிடம் ஒன்றும் கேட்கவில்லை. இரண்டு பெண்கள் வந்து கையைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டுப் போனார்கள்.

2025 பெப்ரவரியில், எண்பத்தெட்டு வயதில், ஆயர் போய்விட்டார். காலைக் கஞ்சிக்கு வரவில்லை என்று போய்ப் பார்த்திருக்கிறார்கள். பூசைக்குப் பெரிய பெரிய ஆட்கள் எல்லாம் வந்தார்கள். தொப்பி போட்ட ஆயர்கள் மட்டும் ஆறு பேர். எனக்கும் றோசலினுக்கும் பின்வரிசையில் தூணுக்குப் பின்னால் இடம் கிடைத்தது. பிரசங்கத்தில் அவருடைய பட்டங்களைச் சொன்னார்கள். தன்னை அந்தப் பழைய சேமக்காலையில், மற்றவர்களைப் போலவே அடக்கச் சொல்லி எழுதி வைத்திருந்தாராம். நிலம் உறைந்து கிடந்தது. பெட்டி காரில் ஏறினது. எல்லாரும் கோப்பி குடிக்கப் போனார்கள்.

எங்களுக்கு இந்த முறை தெரியும்.

மார்ச் கடைசியில் இருந்து றோசலின் ஒவ்வொரு திங்கட்கிழமையும் சேமக்காலைக் கந்தோருக்குப் போன் எடுக்கத் தொடங்கினாள். அவளுக்குத் தெரிந்த பிரெஞ்சு "போன்ஜூர்", "மெர்சி" இரண்டும்தான். நடுவில் ஆயரின் பேரைச் சொல்லுவாள். அந்தக் கந்தோர்ப் பெண் முதலில் சலித்திருக்க வேண்டும். ஐந்தாம் கிழமை, இவள் போன்ஜூர் சொல்ல முதலே, இன்னும் இல்லை மேடம் என்றாளாம். போதாக்குறைக்கு வீட்டு விலாசத்தை மூன்று தடவை எழுதுவித்தாள். இந்த வருஷம் வீடு மாறுகிற யோசனை இருந்தால் மறந்துவிடுங்கள் என்று எனக்கும் உத்தரவு.

மே பதின்மூன்று என்று சொன்னார்கள். செவ்வாய்க்கிழமை. வேலை நாள், தொப்பி போட்ட ஆயர்களுக்கு வேறு அலுவல் இருந்திருக்கும். வந்தது புதிய பங்குச் சுவாமி ஒருவர், முதிய குருக்கள் வீட்டிலிருந்து சக்கர நாற்காலியில் இரண்டு பேர், நாங்கள் இரண்டு பேர். கல் வீட்டுக் கதவைத் திறந்து பெட்டியை வெளியே எடுத்தார்கள். றோசலின் அந்தப் படியில் காலை வைக்காமல் பக்கத்தால் வந்து நின்றாள். பெட்டியைக் குழிக்குக் கொண்டுபோக மோட்டர் பூட்டின ஒரு வண்டி இருந்தது. நான் போய் அந்த ஓட்டுநரிடம், நேரே போகாமல் வேலியோரமாகச் சுற்றி மெதுவாகப் போக முடியுமா என்று கேட்டேன். ஏன் என்று கேட்டார். அவருடைய ஊர் வழக்கம் என்றேன். தோளைக் குலுக்கிவிட்டு வண்டியைத் திருப்பினார். நாங்கள் இரண்டு பேரும் பின்னால் நடந்தோம். அவருடைய பாட்டு எங்களுக்குத் தெரியாது. றோசலின் எங்களுடைய மாதா பாட்டு ஒன்றைப் பாடினாள். நானும் சேர்ந்தேன். நல்லாகப் பாடினோம் என்று சொல்ல மாட்டேன், ஆனால் சத்தமாகப் பாடினோம்.

அடக்கம் முடிந்ததும் சுவாமி அடக்கப் புத்தகத்தை வண்டியின் மேல் விரித்தார். இரண்டு சாட்சிகள் கையெழுத்து வைக்க வேண்டும். குழி வெட்டினவர்களைக் கூப்பிடப் போனார். சக்கர நாற்காலியில் இருந்த குருக்களுக்குக் கை நடுக்கம். றோசலின் போய்ப் பேனையை வாங்கிக்கொண்டாள்.

நான் முதலில் வைத்தேன். கடைசிப் பெயரோடு நிறுத்தவில்லை. ஞானப்பிரகாசத்தின் மகன் மரியதாசன், அமலினியின் தகப்பன் என்று முழுக்க எழுதினேன். நாளைக்கு இந்தப் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு இருக்கப்போகிற எந்தச் சரித்திரகாரனும் குழம்பக் கூடாது. றோசலின் தமிழில் கையெழுத்து வைத்தாள். பேருக்குப் பக்கத்தில், இறந்தவருக்கு என்ன உறவு என்று எழுத ஒரு சின்ன இடம் இருந்தது. சுவாமி அதைக் காட்டிக் கேட்டார். அந்த இடத்தில் நான் ஆங்கிலத்தில் எழுத வேண்டுமென்று பேனையை என்னிடம் தந்தாள்.

"என்னெண்டு எழுத?" என்று கேட்டேன்.

"அவர் தூக்கின பிள்ளையிட தாய் எண்டு எழுதுங்க" என்றாள்.

அப்படியே எழுதினேன், மையால்.